ஒன்பது அடிப் பொது நலன்

ஜூன் 3, செவ்வாய்

சிமென்ட் ஏஜென்சிக்காரர் ஒருவர், தன் வழக்கு சமரசமானதற்கு நன்றியாகப் பத்து டைரி கொடுத்திருந்தார். ஜூன் பிறந்தும் எல்லாம் அலமாரியிலேயே கிடந்தன. ஒன்றை எடுத்துக்கொண்டேன். யாரிடமும் கேட்கவில்லை. இந்தக் கட்டிடத்தில் கேட்காமல் எடுக்கப்படுகிற பொருள்களில் இது சிறியது.

நான் நீதிமன்ற வளாகத்தின் பின்கட்டில் இருக்கும் சமரச மையத்தில் ஒப்பந்தத் தட்டச்சர். வருடக்கணக்காக இழுக்கிற சிவில் வழக்குகளை நீதிபதிகள் இங்கே தள்ளிவிடுவார்கள். சமரசர் இரு தரப்பையும் வட்ட மேசையில் உட்கார வைத்துப் பேசுவார். ஒத்துவந்தால் நான் ஒப்பந்தம் அடிப்பேன். கையெழுத்தானதும் நீதிமன்றம் அதையே தீர்ப்பாக எழுதிவிடும். ஒத்துவராவிட்டால் ‘தீர்வு எட்டப்படவில்லை’ என்று ஒற்றை வரி அடித்துத் திருப்பி அனுப்ப வேண்டும். அந்த ஒற்றை வரி எங்கள் சமரசருக்குப் பிடிக்காது.

சமரசர் பெயர் தியாகேசன். வழக்கறிஞர். நாற்பது மணி நேரப் பயிற்சி எடுத்தவர் என்று வாசல் பலகையில் போட்டிருக்கிறார். அதில் சாப்பாட்டு இடைவேளையும் சேர்த்தியா என்று கேட்க ஆசை.

மையத்தில் மூன்றாவது ஆள் வேலுத்தாய் அக்கா. பெருக்குவது, துடைப்பது, டீ போடுவது எல்லாம் அவர். கரட்டூர் காலனியிலிருந்து ரோட்டுக்கு நடந்து வந்து ஏழே முக்கால் பஸ்ஸைப் பிடித்து, எட்டரைக்குப் பூட்டைத் திறப்பார். மூன்று வருடத்தில் ஒருநாள் பிந்தியதில்லை. நான் பிந்தாத நாட்களை எண்ண ஒரு கை போதும்.

இன்று மூன்று மாதச் சிறப்பு முகாம் ஆரம்பம். சுவரில் வெள்ளைப் பலகை மாட்டியாகிவிட்டது. இலக்கு: 60. முடிந்தவை: 0.

ஜூன் 5, வியாழன்

மூன்று முடிந்தன. மூன்றும் ஒரே சீட்டுக் கம்பெனியின் வழக்குகள். சமரசர் மூன்று தனித்தனி புகைப்படம் எடுக்கச் சொன்னார். கம்பெனி மேலாளர் மூன்று படத்திலும் ஒரே சட்டையில் நிற்கிறார்.

ஜூன் 9, திங்கள்

பதினாலு வருட வழக்கு ஒன்று வந்திருக்கிறது. கரட்டூரில் எதிரெதிர் வீட்டுக்காரர்கள் இரண்டு பேர். வாதி கோமதிநாயகம், கிழக்கு வீடு. பிரதிவாதி சங்கரபாண்டி, மேற்கு வீடு. நடுவில் தெற்கு வடக்காக ஓடும் ஒன்பது அடிச் சந்து. கோமதிநாயகத்தின் சன்ஷேடு தண்ணீர் சந்தில் விழுந்ததில் ஆரம்பித்த சண்டை. சந்து முழுக்க எனது என்று இவர் போட, முழுக்க எனது என்று அவர் பதில் போட, இதற்குள் இரண்டு நீதிபதிகள் ஓய்வு பெற்றுவிட்டார்கள்.

இருவரும் ஒரே சாதி, ஒரே குலதெய்வம். பதினாலு வருடமாக ஒருவர் வீட்டு விசேஷத்துக்கு இன்னொருவர் போனதில்லை.

வேலுத்தாய் அக்கா தட்டில் டீ கொண்டுவந்து வைத்தார். கோமதிநாயகம் கையால் தடுத்து, “வேண்டாம், சுகர் இருக்கு” என்றார். சங்கரபாண்டியும் உடனே, “எனக்கும் சுகர்” என்றார். பதினாலு வருடத்தில் அவர்கள் ஒத்துப்போன முதல் விஷயம். சமரசர் முகம் மலர்ந்துவிட்டது. அவர் அதைக் குறிப்பேட்டில்கூட எழுதியிருப்பார்.

பிறகு சமரசர் கொண்டுவந்த லட்டை ஆளுக்கு இரண்டு சாப்பிட்டார்கள். கடை லட்டு.

அக்கா தட்டை எடுத்துக்கொண்டு போனார். ஆறிய இரண்டு டீயையும் நான்தான் குடித்தேன்.

ஜூன் 10, செவ்வாய்

பலகையில் இரண்டு வட்டம் வரைந்தார் சமரசர். ஒன்று கோமதிநாயகத்தின் விருப்பம், இன்னொன்று சங்கரபாண்டியின் விருப்பம். இரண்டும் வெட்டிக்கொள்ளும் இடத்துக்குப் ‘பொது நலன்’ என்று பெயர் வைத்தார். அங்கே எழுத ஒன்றும் கிடைக்கவில்லை. ஒரு மணி நேரம் அந்த இடம் காலியாகவே இருந்தது. இருவரும் சன்ஷேட்டையும் ஒருவர் இன்னொருவர் தகப்பனாரைச் சொன்ன வார்த்தையையும் திருப்பித் திருப்பிப் பேசினார்கள்.

நாளை தனி அமர்வு. ஒவ்வொருவரையும் தனியாக வைத்துப் பேசுவது. அங்கே சொல்வது வெளியே போகக்கூடாது. இதற்கு விதி உண்டு. கண்ணாடி போட்டுச் சுவரில் மாட்டியிருக்கிறது.

ஜூன் 11, புதன்

தனி அமர்வு. குறிப்பெடுக்க என்னையும் உள்ளே உட்கார வைத்தார். கோமதிநாயகம் என்னைப் பார்த்துத் தயங்கினார்.

“தம்பிக்கு எந்த ஊரு?”

சொன்னேன்.

“அங்க யாரு மகன்?”

அதையும் சொன்னேன். அவர் முகம் இளகியது. நாற்காலியில் நன்றாகச் சாய்ந்துகொண்டார். “அப்ப தாராளமாப் பேசலாம்” என்றார்.

பேசினார். சந்து எவனுக்குப் போனாலும் அவருக்குப் பெரிய கவலை இல்லையாம். வடக்கே இருக்கிற காலனிக்காரர்கள் ரோட்டுக்குப் போக அந்தச் சந்து வழியாகத்தான் வருகிறார்களாம். முன்பெல்லாம் தலையைக் குனிந்து போனார்கள். இப்போது பையன்கள் பைக்கில் போகிறார்கள், வீட்டு வாசலில் ஹாரன் அடிக்கிறார்கள். “நம்ம பொம்பளப் பிள்ளைக வாசல்ல நிக்க முடியல. இதைக் கோர்ட்டுல சொல்ல முடியுமா? அதான் சன்ஷேடுன்னு போட்டோம்.”

அடுத்து சங்கரபாண்டி. அவரும் என் ஊரைக் கேட்டார். அவரும் ஹாரனைச் சொன்னார்.

சமரசர் எழுந்துபோய்ப் பலகையில் நடுவில் எழுதினார்: ‘தனியுரிமை.’

இரண்டு பேரையும் திரும்பக் கூட்டினார். ஆளுக்கு நாலரை அடி. இரண்டு முனையிலும் இரும்பு கேட். சாவி இரண்டு வீட்டுக்கும். பத்து நிமிடத்தில் முடிந்தது. கை குலுக்கும்போது சங்கரபாண்டிக்குக் கண் கலங்கியது. “இதை அப்பவே பேசியிருக்கலாம்ல மாமா” என்றார். மாமா என்று கூப்பிட்டுப் பதினாலு வருடம் ஆயிற்றாம்.

அவர்களுக்கு நடுவே குனிந்து அக்கா லட்டுத் துணுக்குகளைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

ஜூன் 12, வியாழன்

ஒப்பந்தம் அடிக்கும் நாள். சொத்து விவரத்துக்காகக் கோமதிநாயகம் தன் தாய்ப்பத்திரத்தைக் கொண்டுவந்தார். மேற்கு எல்லை என்ற இடத்தில், ‘காலனிக்குப் போகும் ஒன்பது அடிப் பொதுப் பாதை’ என்று முத்து முத்தான கையெழுத்தில் எழுதியிருந்தது. இரண்டு பேருக்கும் சொந்தமில்லாத ஒன்றுக்காகத்தான் இரண்டு பேரும் பதினாலு வருடம் சண்டை போட்டிருக்கிறார்கள். இந்தக் காகிதம் எந்த வருடமும் எந்த நீதிபதி மேசைக்கும் போகவில்லை. இரண்டு பக்க வக்கீல்களும் அதில் ஒற்றுமையாக இருந்திருக்கிறார்கள்.

சமரசர் படித்தார். பத்திரத்தை மடித்துத் திருப்பிக் கொடுத்தார். “இது இந்த ரூமைத் தாண்டாது” என்று விதியைக் காட்டினார். என்னிடம், “மேற்கே சந்துன்னு மட்டும் போட்டுருப்பா” என்றார்.

காலனிக்காரர்களை ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா என்றேன்.

“அவங்க பார்ட்டி இல்லியே. பார்ட்டி இல்லாதவங்களைக் கூப்பிட்டா அதுக்குப் பேரு சமரசமா, கிராமசபையா?”

‘மேற்கே: சந்து.’ அடித்தேன்.

பத்திர எண் 412, வருடம் 1968. இதை ஏன் இங்கே எழுதிவைக்கிறேன் என்று தெரியவில்லை. எண்கள் எனக்குச் சட்டென்று மனதில் நிற்கும். குரூப் நாலு பரீட்சைக்குப் படித்துப் படித்து வந்த பழக்கம்.

ஜூன் 13, வெள்ளி

கையெழுத்தாயிற்று. பலகை: 11.

வாசலில் வைத்துப் புகைப்படம் எடுத்தேன். வாதியும் பிரதிவாதியும் கை குலுக்க, நடுவில் சமரசர். பின்னால் டீத் தட்டோடு வேலுத்தாய் அக்கா வந்துவிட்டார். “அவங்களை வெட்டிரு” என்றார் சமரசர். வெட்டினேன். சரியாக வெட்ட வரவில்லை. கோமதிநாயகத்தின் தோளுக்குப் பின்னால் தட்டின் ஓரமும் நான்கு விரலும் தெரிகின்றன. அப்படியே அறிவிப்புப் பலகையில் மாட்டியாகிவிட்டது.

போகும்போது அக்கா கேட்டார்: “கரட்டூர்க்காரவ என்னமோ ராசியாயிட்டாவளாம்ல தம்பி? என்ன முடிவு?”

ரகசியம் அக்கா, விதி அப்படி என்றேன்.

“அவுக உங்க ஆளுகதான?” என்றார். குரலில் ஒன்றும் இல்லை. டீயில் சீனி போதுமா என்று கேட்கிற அதே குரல்.

அடிக்க நிறைய இருந்தது. கணினிப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

ஜூன் 24, செவ்வாய்

முடிந்தவை 23. மாவட்ட அதிகாரி ஒருவர் வந்து பலகையைப் பார்த்துப் பாராட்டினார். யார் யார் சமரசமானார்கள், எதில் ஆனார்கள் என்று கேட்கவில்லை. டீ நன்றாக இருக்கிறது என்றார்.

ஜூலை 2, புதன்

வேலுத்தாய் அக்கா முதல்முறையாகப் பிந்தி வந்தார். ஒன்பதே கால். காலில் முழங்கால் வரை சேறு. அதைக் கழுவிவிட்டுத்தான் உள்ளே வந்தார். அவர் துடைக்கிற தரை அல்லவா.

ஜூலை 3, வியாழன்

ஒன்பது இருபது.

ஜூலை 4, வெள்ளி

ஒன்பது பத்து. மூன்று நாள் பிந்தினால் குறிப்பாணை கொடுக்க வேண்டும் என்று, அக்காவை வேலைக்கு அனுப்பியிருக்கும் துப்புரவு ஏஜென்சியின் விதி. சமரசர் சொல்ல, நான் அடித்தேன். ‘தாங்கள் தொடர்ந்து காலதாமதமாக வருவதால் மையத்தின் பணிகள் பாதிக்கப்படுகின்றன. மூன்று நாட்களுக்குள் விளக்கம் அளிக்கவும்.’ என் வேலையில் பிழையே இருக்காது. இதிலும் இல்லை.

ஜூலை 7, திங்கள்

அக்காவுக்கு எழுத வராது. விளக்கத்தையும் நானே எழுத வேண்டியதாயிற்று. குற்றச்சாட்டும் பதிலும் ஒரே ஆள் அடிக்கிற அலுவலகம் இது ஒன்றுதான் இருக்கும்.

“என்ன எழுதணும் அக்கா?”

“சந்தை அடைச்சு கேட்டு போட்டுட்டாவ. கொளத்துக் கரையச் சுத்தி ரெண்டு மைல் நடக்கணும். ஏழே முக்கால் பஸ்ஸு எனக்காவ நிக்குமா?”

‘தவிர்க்க முடியாத சொந்தக் காரணங்களால்’ என்று எழுதினேன். கேட்டைப் பற்றி எழுதினால் சமரசர் படிப்பார். அவர் படித்தால் என்னைப் பார்ப்பார்.

அக்கா கைநாட்டு வைத்தார். என்ன எழுதியிருக்கிறது என்று படித்துக் காட்டச் சொல்லவில்லை.

ஜூலை 21, திங்கள்

அக்கா லீவு. கூஜாவில் கடை டீ வாங்கி வந்தோம். வந்தவர்கள் யாருக்கும் சுகர் இல்லை.

ஜூலை 23, புதன்

அக்கா வந்துவிட்டார். மகளுக்குப் பிரசவம். திங்கட்கிழமை காலையில் வலி வந்திருக்கிறது. ஆம்புலன்ஸ் சந்து வாசல்வரை வந்து ஹாரன் அடித்ததாம். கோமதிநாயகம் வீட்டில் சாவி எங்கே என்று தெரியவில்லையாம். சங்கரபாண்டி வீட்டில், மாமாவைக் கேட்காமல் திறந்தால் ஒப்பந்தத்தை மீறியது ஆகிவிடும் என்றார்களாம். ஒப்பந்தத்தில் அப்படித்தான் இருக்கிறது. பத்தி ஆறு. நான் அடித்தது.

மகளை பிளாஸ்டிக் சேரில் உட்கார வைத்து, நான்கு பேர் மாற்றி மாற்றிக் குளத்துக் கரை வழியாகத் தூக்கிப் போயிருக்கிறார்கள். பாதி வழியில் ஒருவருக்குக் கால் வழுக்கியிருக்கிறது. சேரின் ஒரு கால் உடைந்தது. மகளுக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆண் குழந்தை, இரண்டே முக்கால் கிலோ.

இதைச் சொல்லிக்கொண்டே அக்கா அறிவிப்புப் பலகைக் கண்ணாடியைத் துடைத்தார். கை குலுக்கும் படத்தின் மேல் துணி போய் வந்தது. அந்த நான்கு விரல் தன்னுடையது என்று அவருக்குத் தெரியுமோ தெரியாதோ.

“யாரு தம்பி அவுகளுக்கு இப்பிடி எழுதிக் குடுத்தது?” என்றார்.

வெளியே சமரசரின் கார் ஹாரன் சத்தம் கேட்டது. போய் ஃபைலை வாங்கினேன்.

ஜூலை 24, வியாழன்

மாதச் சாமான் பட்டியல் எழுதி அக்காவிடம் கொடுக்கிற நாள். அவர் அதை நிர்வாக அலுவலகத்தில் காட்டி வாங்கி வருவார். பினாயில் 2, விளக்குமாறு 3, சோப்பு 4, டீத்தூள் 1, 412/1968 ப.ப. என்று எழுதிக் கொடுத்தேன்.

ப.ப. என்றால் பத்திரப் பதிவு அலுவலகம் என்று சிலர் நினைக்கக்கூடும்.

பட்டியலை முதலில் பக்கத்து அறையில் இருக்கும் இலவச சட்ட உதவி வக்கீலம்மாவிடம் காட்டச் சொன்னேன். கையெழுத்து புரிகிறதா என்று பார்க்கத்தான்.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

நாலு பினாயில் வந்திருக்கிறது. யாரோ எண்ணைத் திருத்தியிருக்கிறார்கள். மற்ற எண் அப்படியே இருந்திருக்கும் என்று நம்புகிறேன்.

பலகை: 51.

ஆகஸ்ட் 29, வெள்ளி

முகாம் முடிகிற நேரம். 59. சமரசர் இரண்டு நாளாகச் சாப்பிடவில்லை. கணவன் மனைவி வழக்கு ஒன்றை அறுபதாவதாக முடிக்கப் பார்த்தார். அந்தம்மாள் லட்டு டப்பாவை அவர் மேலேயே கவிழ்த்துவிட்டுப் போய்விட்டார். முகாமை அக்டோபர் வரை நீட்டித்து உத்தரவு வந்தது. மனிதர் உயிர் பிழைத்தார்.

செப்டம்பர் 18, வியாழன்

சமரசர் என்னை உள்ளே கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். மேசையில் ஒரு வழக்கின் நகல். கரட்டூர் காலனி மக்கள் சார்பாக வேலுத்தாய், வாதி. கோமதிநாயகம், சங்கரபாண்டி, பிரதிவாதிகள். ஆதார ஆவணம் ஒன்று: 1968-ஆம் வருடத்து 412-ஆம் எண் பத்திரம், சான்றிட்ட நகல்.

“இது எப்பிடிய்யா வெளிய போச்சு?”

“பதிவான பத்திரம் சார். யார் வேணாலும் நகல் கேக்கலாம்.”

“நம்பர் தெரிஞ்சாத்தான கேக்க முடியும்?”

நான் யாரிடமும் ஒரு வார்த்தை சொல்லவில்லை என்றேன். அது உண்மை. சுவரில் மாட்டியிருக்கிற விதியைப் படித்துப் பார்த்தேன்; சொல்லக்கூடாது என்றுதான் இருக்கிறது.

அவர் நகலை மடித்து ஓரமாக வைத்தார். “நீயெல்லாம் நம்ம பையன்னு நெனச்சேன்” என்றார். என் ஒப்பந்தம் டிசம்பரில் முடிகிறது. புதுப்பிப்பார்கள் என்று தோன்றவில்லை.

அக்கா இன்னமும் தினம் பெருக்க வருகிறார். சேற்றுக் காலோடு.

அக்டோபர் 13, திங்கள்

நீதிபதிக்கு நேரமில்லை. வேலுத்தாய் வழக்கைச் சமரசத்துக்கு அனுப்பிவிட்டார். அதே மையம், அதே சமரசர். இது அறுபதாவதாக இருக்கலாம் என்று அவர் முகத்தில் ஒரு வெளிச்சம். புது லட்டு டப்பா வாங்கியாகிவிட்டது.

அக்டோபர் 14, செவ்வாய்

காலையில் அக்கா வழக்கம்போலப் பூட்டைத் திறந்து, பெருக்கி, மேசையைத் துடைத்தார். பதினொரு மணிக்குத் துணியைக் கொடியில் போட்டுவிட்டு, கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, அதே மேசைக்கு வந்து நின்றார். கட்சிக்காரர்களுக்கு இரண்டு நாற்காலிதான். இரண்டிலும் ஆள் இருந்தது. நான் என் நாற்காலியைக் கொண்டுவந்து போட்டேன். உட்கார்ந்தார். மூன்று வருடத்தில் அந்த அறையில் அவர் உட்கார்ந்து இன்றுதான் பார்க்கிறேன். சங்கரபாண்டி தன் நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்திக்கொண்டார்.

“டீ கொண்டா...” என்று ஆரம்பித்த சமரசர், யாரைச் சொல்கிறோம் என்று உணர்ந்து பாதியில் நிறுத்தினார். பிறகு என்னைப் பார்த்தார்.

டீ நான் போட்டேன். ஐந்து டம்ளர். அவ்வளவு நன்றாக இல்லை. பால் கொஞ்சம் தீய்ந்துவிட்டது. கோமதிநாயகம் எடுத்துக் குடித்தார். சங்கரபாண்டியும் குடித்தார். இன்னும் ஒரு கரண்டி சீனி கேட்டார்.

சமரசர் பலகையில் மூன்று வட்டம் வரைந்தார். பிரதிவாதிகள் தரப்பில் ஒரு சலுகை. மூன்று அடி விடுவார்கள். காலை ஆறு முதல் மாலை ஆறு வரை கேட் திறந்திருக்கும். பைக்கில் வருகிறவர்கள் இரண்டு வீட்டையும் கடக்கும்வரை இறங்கித் தள்ளிக்கொண்டு போக வேண்டும்.

அக்கா முழுதும் கேட்டார். “எறங்கித் தள்ளுனது எங்கப்பன் காலத்தோட முடிஞ்சுட்டு சார்” என்றார்.

சமரசர் விட்டுக்கொடுத்தலைப் பற்றி அரைமணி நேரம் பேசினார். பயிற்சியில் சொல்லிக்கொடுத்த ஆரஞ்சுப் பழக் கதையையும் சொன்னார். ஒருத்திக்குத் தோல் வேண்டும், இன்னொருத்திக்குச் சுளை வேண்டும், இருவரும் சண்டையில்லாமல் பங்கிட்டுக்கொண்டார்கள். சக வக்கீல்களே அந்தக் கதைக்கு எழுந்து போய்விடுவார்கள். அக்கா உட்கார்ந்து கேட்டார்.

“ஆரஞ்சு யாருது சார்?” என்றார்.

சமரசருக்குப் பயிற்சியில் அதைச் சொல்லித் தரவில்லை போலும். “அம்மா, அவங்க இறங்கி வந்திருக்காங்க. நீங்க என்னதான் விட்டுக் குடுப்பீங்க?”

“நாலு மாசமா கொளத்துக் கரையச் சுத்திச் சுத்திக் குடுத்துருக்கேன். எம்மவள ஒடஞ்ச சேர்ல வச்சுக் குடுத்துருக்கேன். இனி குடுக்கதுக்கு எங்கிட்ட என்ன இருக்கு? பெரிய கோர்ட்டுலயே சொல்லட்டும் சார். நான் தினம் இங்கதான வாரேன், காத்திருக்கேன்.”

கோமதிநாயகம் அப்போது என்னைப் பார்த்தார். “தம்பி, நீயாவது எடுத்துச் சொல்லு” என்றார்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அக்காவும்.

நான் கணினியைத் திறந்து, ‘தீர்வு எட்டப்படவில்லை’ என்று அடித்தேன். சமரசர் சொல்வதற்கு முன்னாலேயே அடித்துவிட்டேன். அச்செடுத்து மேசையில் வைத்தேன். அவர் கையெழுத்துப் போட ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டார். பலகையில் 59 அப்படியே இருக்கிறது.

சாயங்காலம் எல்லோரும் போன பிறகு அக்கா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு துணியை எடுக்கப் போனார். நான் வேண்டாம் என்றேன். டம்ளர்களை அடுக்கும்போது பார்த்தேன். அவருக்கு வைத்தது தளும்பத் தளும்ப இருந்தது. மேலே ஆடை படிந்திருந்தது.

“ஏன் அக்கா குடிக்கல?”

அக்கா வாசலில் நின்று செருப்பை மாட்டினார். குளத்துக் கரையை இருட்டுவதற்கு முன் கடக்க வேண்டும்.

“எனக்கும் சுகரு தம்பி” என்றார்.

டம்ளர்களை நான் கழுவினேன்.